துரை கொடுத்த கோப்பை

விருத்தாசலம்
9.4.2006

அன்பு மருமகள் மதிவதனிக்கு,

உன் தாய்மாமன் விருத்தகிரி நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு எழுதுகிறேன். உன் அம்மா சுகம். ஆடு மூன்று குட்டி போட்டது, உன் அம்மா இரண்டு என்பாள், அவளுக்கு எண்ணத் தெரியாது. செராமிக் பேட்டையில் இப்போது சூளைக்கு எண்ணெயே வேண்டாம். களிமண்ணை வெளியே வைத்தால் பீங்கானாக எடுத்துக்கொள்ளலாம். அப்படி வெயில்.

வியாழக்கிழமை எறும்பேரிப் பள்ளிக்கூடத்தில் ஏரோட்ராம் விசாரணை நடந்தது. நீ வேறொரு கேஸ் என்று சென்னையிலேயே இருந்துவிட்டாய். இருந்திருந்தால் உன் மாமனைப் பார்த்திருப்பாய். அறுபது வருஷமாக நாம் எள்ளும் மிளகாயும் காயப்போடுகிற சிமெண்டு ஓடுதளத்தை மறுபடி திறந்து விமானம் ஓட்டப் பழக்கப் போகிறார்கள் அல்லவா, அதற்காக ஓரத்தில் இருக்கிற நாற்பத்திரண்டு வீட்டையும் காலி செய்யச் சொல்லி நோட்டீசு வந்ததில் உன் அம்மா வீடும் ஒன்று. இதெல்லாம் உனக்கே தெரியும். உன் சீனியர்தானே அந்தக் காலனிக்காக வழக்கு நடத்துகிறார்.

விசாரணை அதிகாரி ஒவ்வொருவராகக் கூப்பிட்டார். எல்லாரும் ஒரே ஒப்பாரி. என் தாத்தனை விரட்டினார்கள், என் அப்பனை உதைத்தார்கள், சண்டை முடிந்ததும் திருப்பித் தருவோம் என்று சொல்லி ஏமாற்றினார்கள் என்று மூக்கைச் சிந்துகிறார்கள். எனக்கு அசிங்கமாகப் போயிற்று. எங்கள் கம்பெனியிலிருந்து முதலாளி சக்கரபாணி முதல் கிளேஸில் முக்குகிற பெண்கள் வரை இருபது பேர் நான் பேசுவதைக் கேட்கவே வேன் வைத்துக்கொண்டு வந்திருந்தார்கள். அவர்கள் எதிரில் நானும் போய் அழ முடியுமா?

எழுந்தேன். அதிகாரி நாற்காலி போடச் சொன்னார். வேறு யாருக்கும் போடவில்லை, எழுதி வைத்துக்கொள். நாற்பத்திரண்டாம் வருஷத்தில் வெள்ளைக்காரப் பட்டாளம் வந்ததையும், ஒரே நாளில் முந்நூறு விமானம் எறும்பேரிக்கு மேல் வட்டமடித்ததையும் சொன்னேன். எங்கள் அப்பா பழமலையின் நாற்பது ஏக்கர் மல்லாட்டைக் காட்டில், கடலைச் செடிகளுக்கு நடுவே, கேப்டன் துரை தொப்பியைக் கையில் எடுத்துக்கொண்டு வந்து நின்றதைச் சொன்னேன். அப்பா தாம்பாளத்தில் வெற்றிலை பாக்கு வைத்து நீட்டி, "சண்டைக்குத்தானே தொரை, எடுத்துக்கோ" என்றார் அல்லவா, அதைச் சொல்லும்போது கம்பெனிப் பெண்கள் கண்ணைத் துடைத்தார்கள். துரை கையைக் குலுக்கிவிட்டுத் தன் பெட்டியைத் திறந்து எடுத்துக் கொடுத்த சீமைப் பீங்கான் கோப்பையையும் கொண்டுபோயிருந்தேன். அதிகாரி மேசையில் வைத்தேன். அதற்கு நம்பர் போட்டுச் சீட்டு ஒட்டி வாங்கிக்கொண்டார்கள்.

எங்கள் அப்பா தானமாகக் கொடுத்தார், அவர் பேச்சைக் கேட்டு ஊரே கொடுத்தது, யாரும் பிடுங்கவில்லை என்று எழுதிக்கொண்டார்கள். இங்கிலீஷில் கையெழுத்துப் போட்டேன். கேஸ் ஜெயித்த மாதிரிதான் பாப்பா. கொடுத்தவன் குடும்பத்தை எந்த கவர்மெண்டாவது தெருவில் விடுமா?

இப்படிக்கு,
மாமன் விருத்தகிரி


சென்னை
17.4.2006

மாமாவுக்கு,

நான்கு நாளாகப் போன் செய்கிறேன். நீங்கள் எடுப்பதில்லை. எடுத்திருந்தால் கத்தியிருப்பேன். அதனால் எழுதுவதே நல்லது.

உங்கள் வாக்குமூலத்தின் நகல் வந்துவிட்டது. பாலகிருஷ்ணன் சார் அதைப் படித்துவிட்டு என் பக்கம் தள்ளினார். "உங்க மாமாவா?" என்று மட்டும் கேட்டார். இந்த வழக்கை எடுக்கச் சொல்லி ஆறு மாதம் அவரிடம் கெஞ்சியவள் நான்.

நம் வாதம் ஒன்றே ஒன்றுதான். சண்டை நடக்கிறவரை மட்டும் என்று சொல்லி வாங்கிய நிலம் அது. முடிந்ததும் திருப்பித் தருவதாகத் தண்டோரா போட்டுச் சொன்னார்கள். தரவில்லை. இடம் இல்லாத ஜனங்கள் தங்கள் நிலத்தின் ஓரத்திலேயே குடிசை போட்டார்கள். பிடுங்கியதைத் திருப்பிக் கேட்கலாம். தானமாகக் கொடுத்ததை எப்படி மாமா திருப்பிக் கேட்பது? நாற்பத்தொரு பேர் சொன்னதை நீங்கள் ஒருவர் அரை மணி நேரத்தில் கவிழ்த்துவிட்டீர்கள். எதிர்த்தரப்பு வக்கீலுக்கு இனி வேறு சாட்சியே தேவையில்லை. ஊரிலேயே அதிக நிலம் வைத்திருந்தவரின் மகன் சொல்லிவிட்டாரே!

அந்த அதிக நிலமும் ஒன்பது ஏக்கர். நாற்பது இல்லை. கேப்டன் வந்தது, தொப்பியை எடுத்தது, வெற்றிலை பாக்கு எதுவும் அம்மா கேள்விப்பட்டதில்லை. அம்மாவுக்குத் தெரிந்ததெல்லாம் தாத்தா சாகிறவரை வருஷா வருஷம் மனு கொடுக்க நடந்தார் என்பதுதான். தானம் கொடுத்தவர் எதற்கு நடந்தார்?

அந்த மனுக்களின் நகல்களை அலுவலக முத்திரை வாங்கி ஒரு கட்டாக வைத்திருந்தார் என்றும், அது உங்கள் டிரங்குப் பெட்டியில் இருந்தது என்றும் அம்மா சொல்கிறாள். அதை உடனே பதிவுத் தபாலில் அனுப்புங்கள். அடுத்த விசாரணை ஜூன் எட்டு. அந்தக் கட்டு கிடைத்தால் நாற்பத்திரண்டு வீடும் பிழைக்கும்.

மதிவதனி


விருத்தாசலம்
22.4.2006

வக்கீலம்மா மதிவதனிக்கு,

சுகம் விசாரிக்கக்கூட உனக்கு ஒரு வரி கிடைக்கவில்லை. இருக்கட்டும். என் மடியில் உட்கார வைத்துத்தான் உனக்குக் காது குத்தினார்கள். அன்றைக்கு நீ போட்ட சத்தம் கருவேப்பிலங்குறிச்சி வரை கேட்டது. அந்தக் காதில் இன்றைக்கு மாமன் பேச்சு ஏறவில்லை.

உன் கடுதாசியைப் பேட்டையில் வைத்துத்தான் பிரித்தேன். சென்னையிலிருந்து வக்கீல் கடிதம் என்றதும் எல்லாரும் கூடிவிட்டார்கள். காத்தவராயன் இருக்கிறானே, இன்சுலேட்டர் அடுக்குகிறவன், சத்தம் போட்டுப் படிக்கச் சொன்னான். நான் படித்தேன். "மாமா, உங்கள் சாட்சியைப் பார்த்துச் சென்னை வக்கீல்களே அசந்துவிட்டார்கள்" என்று படித்தேன். என்னை அந்த நிலைமைக்குக் கொண்டுவந்தது நீதான்.

கேப்டன் வந்ததை உன் அம்மா கேள்விப்பட்டதில்லையாம். அவள் பிறந்ததே ஐம்பதில். பிறக்காதவளைக் கேட்டு என்னைப் பொய்யன் ஆக்குகிறாய். நானும்தான் பிறக்கவில்லை என்பாய். ஆண்பிள்ளைக்கு அப்பன் சொல்வதும் பெண்பிள்ளைக்குச் சொல்வதும் ஒன்றா? இன்னும் கேள். சண்டை முடிந்து போகும்போது துரை தன் விமானத்தில் ஏறி எங்கள் வீட்டுக்கு மேல் மூன்று சுற்றுச் சுற்றி இறக்கையை ஆட்டிவிட்டுப் போனார். ஸ்ரீமுஷ்ணத்தில் தேர் இழுத்துக்கொண்டிருந்த ஜனம் வடத்தைப் போட்டுவிட்டு அண்ணாந்து பார்த்தது. இதை நான் அதிகாரியிடம் சொல்லாமல் விட்டேனே என்றுதான் எனக்கு வருத்தம்.

மனுக்கட்டுக் கேட்டிருக்கிறாய். அதைக் கரையான் தின்றுவிட்டது. பெட்டியோடு தின்றுவிட்டது. பூட்டு ஒன்றுதான் மிச்சம்.

மாமன்


சென்னை
2.5.2006

மாமாவுக்கு,

போன ஞாயிற்றுக்கிழமை ஊருக்கு வந்திருந்தேன். உங்கள் வீட்டு வாசலைத் தாண்டித்தான் பஸ்ஸுக்குப் போனேன். நீங்கள் உள்ளே இருந்தீர்கள். உங்கள் ரேடியோ பாடிக்கொண்டிருந்தது. நான் உள்ளே வரவில்லை.

தங்கராசு அண்ணன் தன் வீட்டு ஓட்டைப் பிரிக்க ஆரம்பித்துவிட்டார். வேப்பூரில் மைத்துனன் கடைக்குப் பின்னால் ஒரு இடம் சொல்லியிருக்கிறானாம். ஏன் இதற்குள் என்று கேட்டேன். "பெரிய வூட்டு ஆளே தானம்னு எழுதிக் குடுத்துட்டாரு. நாங்க என்னத்த பேசறது?" என்றார். அவருக்கு உங்கள்மேல் கோபம்கூட இல்லை. உங்களை நம்புகிறார்! அவர் அப்பன் அடிவாங்கிய கதையைத்தான் இப்போது சந்தேகப்படுகிறார். கோபத்தையெல்லாம் என்னிடம் விட்டுவிட்டார் போலிருக்கிறது.

அம்மாவோடு ஓடுதளத்துக்குப் போனேன். தாத்தா கிணற்றைத் தூர்த்து அதன்மேல் சிமெண்டு போட்ட இடம் இன்னும் பள்ளமாக இருக்கிறது. கோடை மழைத் தண்ணீர் தேங்கியிருந்தது. வருஷா வருஷம் தாத்தா திதிக்கு அம்மா அந்தப் பள்ளத்தில்தான் தேங்காய் உடைக்கிறாள். நீங்கள் ஒரு வருஷமும் வந்ததில்லை. துரைக்குக் கை கொடுத்தவருக்குத் திதி கொடுக்கப் பள்ளத்தில் என்ன வேலை என்று நினைத்தீர்களோ என்னவோ.

இப்போது கோப்பைக்கு வருகிறேன். அதன் போட்டோவை அம்மாவிடம் காட்டினேன். அம்மா வாங்கிப் பார்த்தாள். பிறகு சொன்னாள்:

"எங் கல்யாணத்துல பந்தல்ல எல்லாருக்கும் காட்டறேன்னு அண்ணன் எடுத்தாந்துச்சு, மாப்பிள்ள வூட்டாரு கை தவறி வுட்டுட்டாங்க. ஒடஞ்சத நான்தான் முறத்துல வாரினேன். ரெண்டே வாரத்துல மாடத்துல முழுசா நின்னுச்சு. ஒரு வார்த்த கேக்கல. அண்ணன் மானம்னு வுட்டுட்டேன்."

1976-இல் உடைந்த கோப்பை 2006-இல் அதிகாரி மேசையில் எப்படி மாமா உட்கார்ந்திருக்கிறது? துரை சீமையிலிருந்து பார்சலில் அனுப்பினாரா?

முப்பது வருஷம் உங்கள் மானத்தை மூடிவைத்தவளுக்கு நீங்கள் செய்தது இதுதான்.

மதிவதனி


விருத்தாசலம்
9.5.2006

மதிவதனிக்கு,

உன் அம்மாவுக்குக் கல்யாணத்தன்று மயக்கம் வந்தது. எதையாவது பார்த்திருப்பாள். அது வேறு கோப்பை.

நீ படித்தவள். கறுப்புக் கோட்டுப் போட்டவள். உனக்கு அப்பன் இல்லாவிட்டாலும் அம்மா இருக்கிறாள், சீனியர் இருக்கிறார், நிமிர்ந்து நடக்கிறாய். ஆறாவதோடு நின்றுபோய், நாற்பது வருஷம் களிமண்ணில் கை வைத்துக் காலத்தை ஓட்டியவனுக்கு என்ன இருக்கிறது? பேட்டையில் ஆயிரம் பேர் வேலை பார்க்கிறான். அத்தனை பேருக்கும் ஒரு அப்பன் இருக்கிறான், எவன் அப்பனும் எவனுக்கும் தெரியாது. என் அப்பனை எல்லாருக்கும் தெரியும். புதிதாக வேலைக்குச் சேர்கிறவனை முதலில் என்னிடம்தான் கூட்டி வருவார்கள், துரை கதையைக் கேளடா என்று. ஒரு மனுஷனுக்கு அவன் அப்பனாவது நிமிர்ந்து நிற்க வேண்டும். நான் போய் எல்லார் எதிரிலும் இல்லை, பொய் என்று சொல்ல வேண்டுமா? செத்தாலும் மாட்டேன்.

மனுக்கட்டை மணிமுத்தாற்று வெள்ளம் கொண்டுபோயிற்று. இனி அதைக் கேட்காதே. கடுதாசியும் போடாதே.

விருத்தகிரி


சென்னை
16.5.2006

மாமாவுக்கு,

முதலில் கரையான். இப்போது ஆறு. அடுத்தது தீயா?

சார் சொன்னதை அப்படியே எழுதுகிறேன். நீங்கள் வந்து வாக்குமூலத்தை வாபஸ் வாங்குகிறேன் என்று சொன்னால் மட்டும் போதாது. சொந்தக்காரர்கள் மிரட்டி மாற்றச் சொன்னார்கள் என்று எதிர்த்தரப்பு சொல்லும். கோப்பை அவர்கள் பக்கம் மேசைமேல் இருக்கிறது. அது இருக்கிறவரை துரை இருந்தார், கை குலுக்கினார், தானம் நடந்தது. அது எப்படி வந்தது என்று உலகத்தில் ஒருவருக்குத்தான் தெரியும்.

ஜூன் எட்டு, காலை பத்தரை, அதே பள்ளிக்கூடம். நான் கூப்பிடவில்லை. தேதியை மட்டும் சொல்கிறேன். எனக்கு அன்றைக்கு ஐகோர்ட்டில் வேலை, சார் வருவார்.

அம்மா ஒன்று சொல்லச் சொன்னாள். அவள் வார்த்தையிலேயே எழுதுகிறேன்: "வூட்டக் காலி பண்றன்னிக்கு சாமான் தூக்க அண்ணன் மட்டும் வரவேணாம்னு சொல்லிடு."

மதிவதனி


விருத்தாசலம்
11.6.2006

மதிவதனிக்கு,

உன் சீனியர் எல்லாம் சொல்லியிருப்பார். ஆனாலும் நான் சொல்ல வேண்டியது தனியாக இருக்கிறது.

எட்டாம் தேதி காலை ஒரு சாக்குப்பையும் ஒரு மண்ணெண்ணெய் டின்னும் எடுத்துக்கொண்டு பஸ்ஸில் போனேன். கண்டக்டர் டின்னைப் பார்த்து இறங்கச் சொன்னான். களிக்குழம்பு ஐயா, பீங்கானுக்கு ஊற்றுகிற குழம்பு என்று மூடியைத் திறந்து காட்டினேன். விரலை விட்டுப் பார்த்துவிட்டுத்தான் சீட்டுக் கொடுத்தான்.

கம்பெனி ஆட்கள் அன்றைக்கும் வந்திருந்தார்கள். நான் கூப்பிடவில்லை, காத்தவராயன் கிளப்பிவிட்டிருக்கிறான். அதிகாரி நாற்காலியைக் காட்டினார். உட்காரவில்லை. போன தடவை நான் சொன்னதெல்லாம் பொய் என்று சொன்னேன். சொல்லவே முடியாது என்று நினைத்தது, இரண்டு மூச்சில் முடிந்துவிட்டது. எதிர்த்தரப்பு வக்கீல் உடனே எழுந்து, உங்களை யார் மிரட்டியது என்று கேட்டார். உன் சீனியர் சொன்னது சரிதான்.

சாக்கைப் பிரித்து அச்சை எடுத்து மேசைமேல் வைத்தேன். சுண்ணாம்பு மாதிரி வெள்ளையாக இருக்குமே, பாரிஸ் சாந்து அச்சு, இரண்டு பாதி. முப்பத்தைந்து வருஷம் பழைய வேட்டியில் சுற்றிப் பரண்மேல் வைத்திருந்தேன். இரண்டையும் சேர்த்துக் கயிறு கட்டி, எல்லார் எதிரிலும் குழம்பை ஊற்றினேன். அச்சு தண்ணீரைக் குடித்து, களி உள்ளே சுவராகப் பிடிக்க நேரமாகும். அதற்குள் வேறு இரண்டு பேரை விசாரித்தார்கள். பிறகு மிச்சக் குழம்பைக் கவிழ்த்துக் கொட்டிவிட்டுக் காத்திருந்தேன். பகல் சாப்பாட்டுக்குப் போய் வந்து பிரித்தேன்.

துரை கோப்பை வந்தது. அதே வாய், அதே கைப்பிடி. கைப்பிடிக்குக் கீழே கடுகளவு ஒரு மேடு இருக்கும். அச்சு ஈரமாக இருக்கும்போது என் நகம் பட்ட இடம் அது. இரண்டிலும் இருந்தது. அதிகாரி தடவித் தடவிப் பார்த்தார்.

எதிர்த்தரப்பு வக்கீல் விடவில்லை. இது அதைவிடப் பெரிசாக இருக்கிறதே, இரண்டும் எப்படி ஒன்றாகும் என்றார். நான் வாயைத் திறக்குமுன் எங்கள் முதலாளி சக்கரபாணி பின்னாலிருந்து எழுந்தார்.

"பச்சக் களிங்க சார் அது. சூளையில போட்டா சுருங்கிடும். எதுவா இருந்தாலும் வெந்தா சுருங்கத்தான் சார் செய்யும்" என்றார்.

கம்பெனிப் பெண்கள் ஒருத்தியும் சிரிக்கவில்லை. அதுதான் எனக்கு இன்னும் கஷ்டமாக இருந்தது. சிரித்திருக்கலாம்.

மேசைமேல் இருந்தது மூன்றாவது கோப்பை. முதலாவது உன் அம்மா கல்யாணத்தில் உடைந்தது. இரண்டாவதைப் பூனை தள்ளிவிட்டது. துரை மூன்று தடவையும் சளைக்காமல் கொடுத்தார்.

அதிகாரி மனுக்கட்டைக் கேட்டார். நீ தீயா என்று எழுதியிருந்தாய் அல்லவா? நீ கிண்டலாகத்தான் எழுதினாய். தீதான். எழுபத்தொன்றில், அப்பா போன மறு வருஷம், அப்போது எங்கள் கம்பெனியில் விறகுச் சூளை. முதல் கோப்பையை உள்ளே அடுக்கிவிட்டு மனுக்கட்டைச் சூளை வாயில் போட்டேன். பதின்மூன்று மனு. அந்தச் சூட்டில் வெந்ததுதான் துரை கொடுத்த கோப்பை. இதையும் அங்கேயே சொன்னேன். உன் அம்மா வாசற்படியில் உட்கார்ந்திருந்தது எனக்குத் தெரியாது. எழுந்து உள்ளே வந்தாள். அதிகாரி இருக்கிறார் என்றுகூடப் பார்க்கவில்லை.

"அப்பாவ எரிச்சது பத்தலன்னு அவரு கேட்டதயும் எரிச்சியா?" என்றாள்.

சொல்லிவிட்டு வெளியே போய்விட்டாள். அவளோடு நடந்து வரலாம் என்று பின்னாலேயே போனேன். அவள் ஓடுதளத்தின் மறு ஓரத்துக்குப் போய்விட்டாள். அவள் அந்த ஓரம், நான் இந்த ஓரம். நடுவில் எள்ளு காய்ந்தது. அப்படியே கடைசி வரை நடந்தோம்.

அதில் என்ன எழுதியிருந்தது என்று அதிகாரி கேட்டபோது ஞாபகம் இல்லை என்றேன். அன்றைக்குச் சொன்னதில் அது ஒன்றுதான் பொய்.

விருத்தகிரி


சென்னை
20.6.2006

மாமாவுக்கு,

உங்கள் முதல் வாக்குமூலத்தைக் கணக்கில் எடுக்கப் போவதில்லை என்று அதிகாரி குறிப்பு எழுதியிருக்கிறார். வீடுகளைக் காலி செய்யும் நோட்டீசையும் விசாரணை முடியும்வரை நிறுத்தி வைத்திருக்கிறார்கள். தங்கராசு அண்ணன் பிரித்த ஓட்டை மறுபடி அடுக்குகிறாராம். மழைக்குள் முடிக்க வேண்டும் என்று அவசரப்படுகிறார். வழக்கு இன்னும் முடியவில்லை. எத்தனை வருஷமோ.

நான் உங்களை மன்னித்துவிட்டதாக நினைக்காதீர்கள். என் கோபம் கோப்பைக்காக இல்லை. அந்தக் கட்டு இருந்திருந்தால் இந்த வழக்கே ஒரு நாளில் முடிந்திருக்கும். அதைத் தெரிந்துகொண்டே எனக்குக் கரையான் கதை எழுதினீர்கள். நான் புத்தகம் இரவல் வாங்கிப் படித்து வக்கீல் ஆனது தாத்தா மனுவோடு நடந்தார் என்று அம்மா சொன்ன ஒரு வார்த்தைக்காக.

தாத்தாவுக்கு எழுதத் தெரியாது. பதின்மூன்று மனுவையும் எழுதியது தன் அண்ணன் கைதான் என்று அம்மா சொல்கிறாள். அந்த மனுவை ஞாபகத்திலிருந்து எழுதி அனுப்புங்கள். ஜூலை ஐந்துக்குள் தாக்கல் செய்ய சார் அனுமதி வாங்கியிருக்கிறார். எழுதியவர் நினைவிலிருந்து எழுதியது என்று கொடுப்போம். அதிகாரி ஏற்றுக்கொள்வாரா தெரியாது. ஏற்றுக்கொள்ளாவிட்டாலும் எனக்கு அது வேண்டும்.

ஒரு சொல்லும் கூட்டாதீர்கள். விமானம் எத்தனை என்று தெரியாவிட்டால் தெரியாது என்று எழுதுங்கள்.

மதிவதனி


விருத்தாசலம்
27.6.2006

மதிவதனிக்கு,

மனுவைத் தனித்தாளில் எழுதி இத்துடன் வைத்திருக்கிறேன். அதைப் படிப்பதற்கு முன் இதைப் படி. இது தாக்கல் செய்ய அல்ல, உனக்கு.

ஐம்பத்தெட்டாம் வருஷம் வரை அப்பா வாயால்தான் கேட்டுக்கொண்டிருந்தார். எழுத்தில் கொண்டுவா என்று சொல்லிவிட்டார்கள். எனக்குப் பன்னிரண்டு வயது. ஊரில் என் கையெழுத்து அழகு என்று பேர், அதை மட்டும் நான் கூட்டிச் சொல்லவில்லை. அப்பா சொல்லச் சொல்ல எழுதினேன். ஒன்பது ஏக்கர் என்றார். என்னோடு படித்தவன் வீட்டில் முப்பது ஏக்கர். ஒன்பது என்று எழுத எனக்கு வெட்கமாக இருந்தது. நாற்பது என்று எழுதினேன். அப்பா பெருவிரலை வைத்தார்.

அந்த அலுவலகத்தில் ஒரு குமாஸ்தா பழைய பேரேட்டை எடுத்துப் பார்த்தான். தாளை அப்பா முகத்தில் எறிந்தான். "ஒம்போத வச்சிக்கிட்டு நாப்பதுன்னு எழுதியாந்திருக்கிற திருட்டுப்பய" என்றான். அப்பாவுக்கு என்ன நடந்தது என்றே புரியவில்லை. புரியாமலே அவன் காலில் விழுந்தார். நான் கதவோரம் நின்று பார்த்தேன். வெளியே வந்ததும் என்னடா எழுதின என்று கேட்டார். நீ சொன்னதைத்தான் எழுதினேன் என்றேன்.

அவர் என்னை அடிக்கவில்லை. மறு வருஷமும் என்னையே கூப்பிட்டு உட்கார வைத்தார். "சொன்னத மட்டும் எழுது" என்றார். அதற்குமேல் அதைப் பற்றி ஒரு நாளும் பேசவில்லை. அப்புறம் எழுதிய பன்னிரண்டிலும் ஒன்பது என்றுதான் எழுதினேன். ஆனால் முதல் தாள் அவர்கள் வைத்திருந்த கட்டின் மேலேயே இருந்தது. அப்பாவைப் பார்த்ததும் நாற்பது ஏக்கர் வந்துவிட்டது என்பார்கள்.

உன் அம்மாவிடம் இதை நீயே சொல். என்னால் ஆகாது.

விருத்தகிரி

*

கனம் பொருந்திய அதிகாரி அவர்கள் சமூகத்துக்கு,

எறும்பேரி கிராமம் பழமலை எழுதிக்கொள்ளும் மனு.

எனக்குச் சொந்தமான புஞ்சை நிலம் ஒன்பது ஏக்கரும் கிணறு ஒன்றும் 1942-ஆம் வருஷம் விமான மைதானத்துக்காக எடுக்கப்பட்டன. அறுப்புக்கு இருபது நாள் இருந்தது. அறுத்துக்கொள்ள விடவில்லை. ஏழு நாளில் வெளியேற வேண்டும் என்றும், சண்டை முடிந்ததும் நிலம் திருப்பித் தரப்படும் என்றும் மணியக்காரர் தண்டோரா போட்டுச் சொன்னார். நான் கிணற்று மேட்டில் உட்கார்ந்து போக மாட்டேன் என்றேன். காண்ட்ராக்ட் ஆட்கள் என்னைத் தூக்கி அப்பால் போட்டுவிட்டுக் கிணற்றைத் தூர்த்தார்கள். வேறு பிழைப்பு இல்லாததால் அந்த நிலத்திலேயே ஜல்லி சுமக்கும் கூலிக்குப் போனேன். கிணற்றின் மேல் போட்ட ஜல்லி நான் சுமந்தது.

துரைமார் யாரும் என்னிடம் பேசவில்லை. விமானங்கள் வந்தன. எத்தனை என்று எனக்குத் தெரியாது.

சண்டை முடிந்துவிட்டது. விமானங்கள் போய்விட்டன. நிலம் சும்மா கிடக்கிறது. என் ஒன்பது ஏக்கரை எனக்குத் திருப்பித் தரும்படி கேட்டுக்கொள்கிறேன்.

பழமலை
இடது கைப் பெருவிரல் ரேகை

சொன்னதை மட்டும் எழுதியது: மகன் விருத்தகிரி